பசை போட்ட மட்டி

செத்த மட்டிச் சிப்பி ஒன்றின் இரண்டு ஓடுகளையும் பசை போட்டு ஒட்டி, உப்புத் தண்ணீரில் ஊறிக்கொண்டிருந்த மற்ற மட்டிகளோடு கலந்துவிட்ட பிறகுதான், வரப்போகும் மருமகனுக்குக் கதவைத் திறந்தார் பூட்டுக்காரர். மூன்று பூட்டு, ஒரு சங்கிலி. எல்லாம் திறந்து முடிவதற்குள் வெளியே நின்றவன் இரண்டு தரம் தும்மிவிட்டான்.

"இன்னைக்கு ஒருத்தர் வந்து சமைப்பாருப்பா. அவர்கிட்ட மட்டும் கொஞ்சம் மனுசனா நடந்துக்குங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்" என்று காலையிலேயே மகள் சொல்லியிருந்தாள். தாயில்லாமல் வளர்ந்த முப்பத்து மூன்று வயதுப் பெண் இப்படிச் சொன்னால் என்ன அர்த்தம் என்று யாரும் அவருக்குப் பாடம் நடத்த வேண்டியதில்லை.

வந்தவன் கண்ணாடி போட்டவன். பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறானாம். சட்டைக் கையை மடித்துவிட்டு, ஒரு முழுப் பூண்டை உரித்துத் தாள் மாதிரி சீவ ஆரம்பித்தான்.

பூட்டுக்காரர் சமையலறை வாசலிலேயே முக்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். நாற்பது வருசம் பூட்டோடு மல்லுக்கட்டியவர். மூடிக்கிடப்பதை ஒருத்தன் எப்படித் திறக்கிறான் என்று பார்த்தால் போதும், அவன் ஜாதகமே தெரிந்துவிடும் அவருக்கு. வெந்தும் வாய் திறக்காத மட்டி கெட்ட மட்டி. அதைத் தூக்கி எறிந்தால் ஆள் யோக்கியன். கத்தியை விட்டு நெம்பினால் கள்ளப் பயல், வந்த வழியே அனுப்பிவிடலாம்.

"குடிக்கிற பழக்கம் உண்டா?" என்று ஆரம்பித்தார்.

"இல்லைங்க ஐயா. உங்களுக்கு?"

"எனக்கா? இந்த நாக்கு அதைத் தொட்டதில்லை!"

"நல்லதுங்க. ராத்திரி குறட்டை விடுவீங்களா?"

பூட்டுக்காரருக்குச் சுருக்கென்றது. மாமனார் குறட்டையைப் பற்றி இவனுக்கென்ன கேள்வி? ஓகோ, வீட்டோடு மாப்பிள்ளையாக வந்து ஒட்டிக்கொள்ளப் பார்க்கிறான்!

"விட்டா இந்தத் தெருவே தூங்காது" என்றார் வேண்டுமென்றே.

அவன் அசரவில்லை. "அதுக்கென்னங்க, ஒருக்களிச்சுப் படுத்தா சரியாப் போயிடும்" என்று எண்ணெயை மெல்லிய தீயில் வைத்தான். பூண்டைப் போட்டு, சிவக்கவிடாமல் பொன்னிறத்துக்கு முன்பே நிறுத்தி, மிளகாய் விதையைத் தூவினான். பக்கத்து அடுப்பில் பாஸ்தா கொதித்தது.

"கொஞ்சம் வெண்ணெய் வேணும்" என்று அவன் ஃப்ரிட்ஜின் மேல் கதவைத் திறந்ததும், உறைந்த பொட்டலங்கள் நாலைந்து சரிந்து அவன் காலில் விழுந்தன. உள்ளே இன்னும் ஏழெட்டு.

"இவ்வளவும் மட்டியா ஐயா?"

"வாரா வாரம் வெள்ளிக்கிழமை வாங்கிட்டு வந்துடுவாரு!" என்று கூடத்திலிருந்து மகள் கத்தினாள். "சமைக்கத் தெரியாது, சாமான் வாங்க மட்டும் ஓட்டமா ஓடுவாரு!"

"மலிவா கிடைச்சா வாங்காம என்ன பண்றதாம்? நீ உன் வேலையைப் பாரு!" என்று அதட்டிவிட்டுக் காதைச் சொறிந்துகொண்டார்.

மட்டிகளை எண்ணெயில் கொட்டி மூடி, சட்டியைக் குலுக்கினான் அவன். டக், டக் என்று ஒவ்வொன்றாகத் திறந்தன. மூடியை எடுத்தபோது பூண்டு மணம் மாடிப்படி வரை போயிற்று.

ஒன்று மட்டும் திறக்கவில்லை.

அவன் கத்தியை எடுத்தான். பூட்டுக்காரர் முக்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டார்.

கத்தியால் எலுமிச்சம்பழத்தை இரண்டாக வெட்டிவிட்டு, அந்த மட்டியைக் கரண்டியால் எடுத்தான். திருப்பிப் பார்த்தான், முகர்ந்தான், தனியே ஒரு தட்டில் வைத்தான்.

"பசைங்க ஐயா" என்றான் சிரிக்காமல். "கடையிலேருந்து இப்படி ஒண்ணு வராது. அங்க ஒவ்வொண்ணாத் தட்டிப் பார்த்துத்தான் போடுவாங்க."

மாட்டிக்கொண்ட வெட்கம்கூட மறந்துபோயிற்று பூட்டுக்காரருக்கு. "அதைச் சொல்லு! அந்தக் கடைக்காரம்மா கை பட்டா ஒண்ணு சோடை போகாது. ஊரெல்லாம் திருட்டுப் பசங்க. நான் எண்ணிப் பார்க்காம வாங்குற ஒரே கடை அதுதான்."

ஆற்றில் போட்டாலும் அளந்து போடுகிற ஆள் அவர். மகள் கூடத்தில் களுக்கென்று சிரித்தாள்.

சாப்பாட்டு மேசையில் பூட்டுக்காரர் முதல் ஆளாகத் தட்டை நீட்டினார். இரண்டு தட்டு பாஸ்தா உள்ளே போனது. மட்டியின் ஓட்டைக் கையிலெடுத்து, அதில் தேங்கிய சாற்றையும் உறிஞ்சினார். வாயைத் துடைத்துக்கொண்டு தொண்டையைச் செருமினார்.

"எல்லாரையும் நான் சந்தேகப்படுறவன்தான். உன்கிட்ட குத்தம் சொல்ல ஒண்ணும் கிடைக்கலை. என் பொண்ணை உனக்குக் கொடுக்க எனக்குச் சம்மதம்."

மகளுக்குப் புரையேறிவிட்டது. அவன் பதறிப்போய்க் கண்ணாடியைக் கழற்றினான்.

"ஐயோ, எனக்குக் கல்யாணமாகி ரெண்டு பிள்ளைங்க இருக்காங்க ஐயா!"

பூட்டுக்காரர் எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் சாய்ந்தது. "அடப்பாவி! அப்புறம் எதுக்குடா என் வீட்டுக்குள்ள வந்து, குடிப்பியா, குறட்டை விடுவியான்னு என்னையே குடைஞ்சே?"

அவன் மகளைப் பார்த்தான். அவள் "சொல்லிடுங்க" என்பது போல் தலையாட்டினாள்.

"மாப்பிள்ளை பார்க்க வந்தேங்க ஐயா... மட்டி விக்கிற எங்கம்மாவுக்கு."