சலவைக்கடையின் மூன்றாவது கேஸ்

“அம்மா, ஒண்ணு இந்த வீட்டுல இவ இருக்கணும், இல்ல நான் இருக்கணும். ரெண்டுல ஒண்ணு இப்பவே சொல்லு!”

மூத்த மகள் கல்யாணமாகி வேறு ஊருக்குப் போய் எத்தனையோ வருஷமாகிறது. இந்த வீட்டில் அவள் இருக்கப்போவதே இல்லை. கோபத்துக்கு அதெல்லாம் தெரியுமா? பஸ்ஸை விட்டு இறங்கியவள் நேராக உள்ளே போய், தம்பி மனைவியின் துணிகளை வாரிப் பெட்டியில் அடைத்துக்கொண்டிருந்தாள்.

அம்மா முன்கட்டில் உட்கார்ந்து ஹோட்டல் துண்டுகளை மடித்துக்கொண்டிருந்தாள்.

“கட்டின புருஷனையே போலீஸ்ல பிடிச்சுக் கொடுத்தவ நீ! உன்னை இந்த வீட்டு மருமகள்னு சொல்லவே வாய் கூசுது.”

“கூசினா சொல்லாதீங்க அண்ணி,” என்றாள் மருமகள். அவள் கையிலிருந்த இஸ்திரிப் பெட்டி ஒரு நொடிகூட நிற்கவில்லை.

மூத்தவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

எல்லாம் அந்தப் பாழாய்ப்போன துப்பறியும் பைத்தியத்தால் வந்த வினை. அந்த ஊருக்குச் சோறு போடுவது கடற்கரையும் அதைப் பார்க்க வருகிறவர்களும்தான். ஹோட்டல் அழுக்கெல்லாம் வெளுக்க வருவது இந்தச் சலவைக்கடைக்கு. மாமியாரும் மருமகளும் மற்ற நேரத்தில் எலியும் பூனையும். செத்தவர் சாவில் சந்தேகம் என்று வந்துவிட்டால் மட்டும் இரண்டும் ஒரே கட்சி.

மூழ்கிய மனைவியைக் காப்பாற்றக் கடலில் குதித்ததாகக் கதறினார் ஒரு கணவர். அன்று அவர் போட்டிருந்த கால்சட்டை சலவைக்கு வந்தது. அதில் உப்பும் இல்லை, மணலும் இல்லை. அது முதல் கேஸ். அடுத்ததில், தூக்கத்திலேயே போய்ச் சேர்ந்தார் என்று சொன்ன பெரியவரின் தலையணை உறையில் பல் பதிந்திருந்தது. ‘சலவைக்கடை சி.ஐ.டி.’ என்று ஊர் பெயர் வைத்தது. அப்போதெல்லாம் போனில் கதை கேட்டு, “எங்கம்மா மூளை யாருக்கு வரும்!” என்று அக்கம்பக்கத்தில் பீற்றிக்கொண்டவள்தான் மூத்தவளும்.

மூன்றாவது கேஸ் வீட்டுக்குள்ளேயே வந்தது.

தம்பி உல்லாசப் படகு ஓட்டுகிறவன். அவன் கூட்டாளி படகுக் கொட்டகையில் மண்டை உடைந்து செத்துக் கிடந்தான். தம்பியோ அன்று முழுக்க வெளியூரில் இருந்ததாகச் சொன்னான். ஆனால் கொட்டகைக் கதவுக்கு அன்று மத்தியானம்தான் பச்சைப் பெயின்ட் அடித்திருந்தார்கள். தம்பி அழுக்கில் போட்ட சட்டையின் முதுகில் அதே பச்சை. முதலில் சட்டை போலீஸுக்குப் போனது, பின்னாலேயே தம்பியும் போனான். கேட்ட முதல் கேள்விக்கே ஒப்புக்கொண்டுவிட்டான்.

யார் போட்டுக் கொடுத்தது என்று ஊர் குசுகுசுத்தபோது, நட்ட நடுக் கடைத்தெருவில் நின்று, “நான்தான்!” என்றவள் இந்த மருமகள். அன்றிலிருந்து ஊரே அவளை ஒதுக்கிவிட்டது. மளிகைக்காரர்கூட சாமானைக் கையில் கொடுக்காமல் மேஜைமேல் தள்ளுகிறாராம்.

“வாய்ச்சண்டையில கை நீண்டுடுச்சு. வேணும்னேவா செஞ்சான் என் தம்பி? அந்தச் சட்டையைப் பேசாம துவைச்சுப் போட்டிருந்தா யாருக்குத் தெரியப் போகுது?”

“செத்தவனுக்கும் ஒரு அக்கா இருக்காங்க, அண்ணி.”

மூத்தவள் கையிலிருந்த சேலையைப் பெட்டிக்குள் வீசி எறிந்தாள். குரல் இரண்டு மடங்காக உயர்ந்தது.

“எனக்கு நியாயம் சொல்லித் தர்றியா? குடும்பத்துக்குன்னு ஒரு மானம் மரியாதை கிடையாதா?”

“அடுத்த வீட்டு அழுக்குன்னா ஊரைக் கூட்டிக் காட்டணும், நம்ம வீட்டு அழுக்குன்னா அமுக்கிடணும். அதுதான் மரியாதையா?”

“அப்ப நீ செஞ்சது சரிங்கறே?”

“சரிதான். கடைத்தெருவுல சொன்னேன், இப்பவும் சொல்றேன். நான்தான் சொன்னேன். உங்களால ஆனதைப் பார்த்துக்கோங்க.”

எவ்வளவு திமிர்! மூத்தவள் பெட்டியைத் தரதரவென்று இழுத்து வாசலில் வைத்தாள்.

“கிளம்பு!”

மருமகள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். செருப்பை மாட்டிக்கொண்டாள்.

“வேளாவேளைக்குச் சாப்பிடுங்க அத்தை,” என்றாள்.

“என்னம்மா உட்கார்ந்திருக்கே? நீ பெத்த பிள்ளையைக் காட்டிக் கொடுத்துட்டுப் போறா. நறுக்குன்னு நாலு வார்த்தை கேட்டு அனுப்பு!”

அம்மா மடியிலிருந்த துண்டை ஒதுக்கிவிட்டு எழுந்தாள்.

“அத்தை, வேண்டாம்.” மருமகளின் குரலில் முதல் தடவையாகப் பதற்றம்.

“நீ சும்மா இரு. உன் பேச்சைக் கேட்டு இத்தனை நாள் வாயை மூடிட்டு இருந்ததே தப்பு.”

அம்மா மகளுக்கு நேராக வந்து நின்றாள். கண் கலங்கியிருந்தது. குரல் கலங்கவில்லை.

“இவ மண்ணெண்ணெயும் கையுமா உட்கார்ந்து, அழுதுக்கிட்டே அந்தப் பெயின்ட்டைத் தேய்க்கப் போனாடி. சட்டையைப் பிடுங்கிட்டுப் போய்ப் போலீஸ்ல கொடுத்தது நான். வேண்டாம் அத்தைன்னு என் காலைக் கட்டிக்கிட்டுக் கதறினவ, பெத்த தாயே காட்டிக் கொடுத்துட்டாளேன்னு ஊர் என்னைக் காறித் துப்பக் கூடாதுன்னு பழியைத் தன் தலையில போட்டுக்கிட்டா. கோர்ட்டுல கூண்டேறி நான்தான் சொல்லப் போறேன். இப்ப சொல்லு, யார் பெட்டியை வெளியில வைக்கப் போறே?”