முன்கூட்டி ஓர் அஞ்சலி

“சார், கேசவன் சார் உயிரோடதான் இருக்கார். ஆனா போயிட்டார்னு நினைச்சுக்கிட்டுப் பேசணும்.”

டி.வி. சேனலிலிருந்து வந்திருந்த சுஜி இதைச் சொல்லி முடிப்பதற்குள் பழம்பெரும் நடிகர் துளசிங்கத்தின் டம்ளரிலிருந்து காபி டவராவில் சிந்தியது.

“கேசவனுக்கா? என்னம்மா ஆச்சு அவனுக்கு?”

“வயசாயிடுச்சு இல்லையா சார்...” என்று இழுத்தாள் சுஜி. “நியூஸ் வர்ற நேரத்துல ஒவ்வொருத்தரையா தேடி ஓட முடியாது. அதான் முன்னாடியே எடுத்து வச்சுக்கறோம்.”

“அவனைப் பார்த்தியா நீ?”

“காலையிலதான் பல்லாவரம் போய்ப் பார்த்துட்டு வரோம். அவரால ரொம்பப் பேச முடியலை சார். அழுதுட்டார்.”

கேசவன் அழுதானா? மேடையில் அழச் சொன்னாலே கிளிசரின் கேட்கிற ஆள் ஆயிற்றே!

இருவரும் ஒரே நாடகக் கம்பெனியில் ஒரே பாயில் படுத்து வளர்ந்தவர்கள். நீதிபதி வேஷம் என்றால் துளசிங்கம்தான். ஊர் ஊராகக் கைதட்டல் வாங்கிய வேஷம் அது. அந்த நாடகம் சினிமாவானபோது நீதிபதி வேஷம் கேசவனுக்குப் போனது. துளசிங்கத்துக்குக் கிடைத்தது ‘சைலன்ஸ்’ என்று கத்துகிற கோர்ட் டவாலி வேஷம். அன்றோடு பேச்சு நின்றது. அதன்பிறகு இருவருமே நிறையப் படங்களில் நடித்துப் பேர் வாங்கினார்கள். ஆனாலும் கல்யாண வீட்டில் எதிரெதிர்ப் பந்தியில் உட்கார நேர்ந்தால், துளசிங்கம் இலையைப் பார்த்தபடியே சாப்பிட்டுவிட்டு எழுந்துவிடுவார்.

கேமரா ஓடத் தொடங்கியது. துளசிங்கம் தொண்டையைச் செருமினார்.

“கலையுலகம் இன்று ஒரு மாபெரும் தூணை இழந்து தவிக்கிறது...”

எங்கே குரல் தழுதழுக்க வேண்டுமோ அங்கே தழுதழுத்தது. எங்கே கண்ணீர் வர வேண்டுமோ அங்கே வந்தது.

“சூப்பர் சார்! ஒரே டேக்!” என்றாள் சுஜி.

சமையலறை வாசலில் நின்றிருந்த அவர் மனைவி செல்லியம்மாளுக்குப் பொறுக்கவில்லை.

“நடிச்சது போதுங்க. ஒரு தடவையாவது நிஜமாப் பேசுங்களேன்.”

துளசிங்கம் கேமராவைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார்.

“அந்தப் படம் தாம்பரத்துல ஓடினப்போ, தலையில துண்டைப் போட்டுக்கிட்டுப் போய் கடைசி வரிசையில உட்கார்ந்து பார்த்தேன். தப்புக் கண்டுபிடிக்கத்தான் போனேன். தீர்ப்பு சொல்ற கட்டத்துல நான் மேடையே அதிர கர்ஜனை பண்ணுவேன். அவன் குரலையே உசத்தலை. கண்ணாடியைக் கழட்டி மேஜை மேல வச்சான், அவ்வளவுதான். தியேட்டரே கப்சிப்! என்னையும் அறியாம நானும் கை தட்டிட்டேன். என்னைவிடப் பெரிய நடிகன்மா அவன். வீம்பு பிடிச்சுக்கிட்டு இத்தனை வருஷமா இதை அவன்கிட்ட சொல்லாம...”

இரு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார். இந்த முறை அது நடிப்பு இல்லை.

சுஜியும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறகு தயங்கித் தயங்கி, “சார், உங்க சொந்த ஊர், பிறந்த வருஷம் கொஞ்சம் சொல்லுங்களேன். சுவத்துல இருக்கிற உங்க போட்டோ, ஷீல்டு எல்லாத்தையும்கூட எடுத்துக்கறோம்” என்றாள்.

துளசிங்கம் ஏதோ சொன்னார், தலையாட்டினார். வேறொரு நாளாக இருந்தால் ஒவ்வொரு ஷீல்டுக்கும் ஒரு கதை சொல்லியிருப்பார்.

அவர்கள் கிளம்பியதுமே சட்டையை மாட்டிக்கொண்டார்.

“செல்லி, நான் பல்லாவரம் போறேன். அவன் காதுல விழாம கேமராகிட்ட சொல்லி என்ன பிரயோஜனம்?”

“இதைத்தானே நானும் வருஷக்கணக்கா சொல்றேன்” என்று சொல்லிச் சாத்துக்குடிப் பையை அவர் கையில் திணித்தாள் செல்லியம்மாள்.

துளசிங்கம் குடியிருந்த சிட்லபாக்கத்திலிருந்து கிளம்பிய, தெருமுனை ஸ்டாண்டு உஸ்மானின் ஆட்டோ பல்லாவரத்தில் ஊர்ந்தது.

“சீக்கிரம் போப்பா!”

“இன்னா சார் பண்றது? இன்னிக்கு வெள்ளிக்கெயம. ரோடு பூரா சந்தைக் கூட்டம் கீது.”

தாமதமாகிவிட்டதோ? வாசலில் சாமியானா போட்டிருப்பார்களோ? சங்குச் சத்தம் கேட்கிறதா என்று துளசிங்கம் காதைத் தீட்டிக்கொண்டார். கேசவா, இன்னும் ஒரு பத்து நிமிஷம் இருடா என்று வாய்விட்டே சொல்லிவிட்டார்.

ஆட்டோ கேசவன் வீட்டுத் தெருவில் திரும்பியது. சாமியானா இல்லை, கூட்டமும் இல்லை. கேட் மட்டும் திறந்திருந்தது.

சட்டைப் பித்தானை மாற்றிப் போட்டுக்கொண்டு, கையில் ஹார்லிக்ஸ் பாட்டிலோடு கேசவனே வெளியே ஓடிவந்தார். “ஆட்டோ! சிட்லபாக்கம் வருமா?” என்று கேட்டபடி உள்ளே குனிந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

“டேய் கேசவா, படுக்கையை விட்டு ஏன்டா எழுந்தே?” என்று பதறினார் துளசிங்கம்.

“நான் எதுக்குடா படுக்கணும்? காலையில ஒரு பொண்ணு கேமராவோட வந்து, நீ செத்துப் போயிட்டதா நினைச்சுப் பேசச் சொல்லி என்னை அழ வச்சுட்டுப் போச்சேடா!”