கீறல் விழுந்த சீடி

சட்டைப்பையிலிருந்த கைலேஞ்சியை விரித்து, பச்சைக் குழந்தையைத் தூக்குவது போல அருமைநாயகம் சேர் அந்தச் சீடியை எடுத்துக் கொடுத்தார். இருபது வருசத்துக்கு முந்திய கார் ரேஸ் கேம். பென்சன் போன மனுசனுக்கு வந்த ஆசையைப் பார் என்று காத்தான்குடியில் கொம்பியூட்டர் கடை வைத்திருக்கும் ஷிஹான் மனதுக்குள் சிரித்துக்கொண்டான்.

“சேர், இப்ப வாற லெப்டொப்புல சீடி போடுற இடமே இல்ல. இதே கேம நெட்டுல எடுத்துத் தாறன். பத்து நிமிசம்.”

“வேணா தம்பி. இந்தச் சீடி ஓடுதா இல்லையா எண்டுதான் எனக்குத் தெரியோணும்.”

விசயம் கலியாண விசயம். சேரின் மகள் தனுஷாவும் பூபாலபிள்ளையின் மகனும் ஒருவரையொருவர் விரும்புகிறார்கள். தகப்பன்மார் ஒரே கந்தோரில் வேலை செய்து ஒன்றாகச் சாப்பிட்ட கூட்டாளிகள்தான். இந்தச் சீடியை ஒருவர் இரவல் வாங்க, “கீறித் தந்துட்டாய்” என்று மற்றவர் சொன்ன நாளிலிருந்து முகம் பார்ப்பதில்லை. காணிக்கும் வயல் வட்டைக்கும் சண்டை பிடிக்கிற ஊரில் இவர்களுக்கு ஒரு பொம்மைக் கார் போதுமாக இருந்திருக்கிறது.

“நாளைக்கு ரெண்டு வீட்டாரும் இரிந்து கதைக்கப் போறம். பிழை ஆரிலயோ அவர் மன்னிப்புக் கேட்டாத்தான் கலியாணம்,” என்றார் சேர்.

பாவம், இத்தனை வருசம் பழி சுமந்த மனுசன் என்று ஷிஹானுக்கு இரக்கம் வந்தது. லெப்டொப்புக்கு வெளியே பூட்டும் சீடி டிரைவ் ஒன்றைத் தேடிப் பிடித்துப் பூட்டினான். புது விண்டோஸ் அந்தச் சீடியை மதிக்கவே இல்லை, பிழை என்று காட்டியது.

“ஓடல்லயா?” சேர் பக்கத்துக் கடையில் பிளேன்டீயும் ரோல்ஸும் எடுப்பித்தார். “பரவாயில்ல தம்பி.”

இரண்டாம் முறையும் பிழை. இன்னொரு பிளேன்டீ. தோல்வியை இவ்வளவு பெருந்தன்மையாக எடுத்துக்கொள்ளும் வாடிக்கையாளரை ஷிஹான் கண்டதே இல்லை.

கடைசியில் புது விண்டோஸுக்குள்ளேயே பழைய விண்டோஸ் ஒன்றைப் போட்டு, திரும்பவும் சீடியைத் தள்ளினான். டிரைவ் கரகரத்தது. திரையில் சிவப்புக் கார் உறுமிக்கொண்டு பாய்ந்து, ஒரு தடங்கலும் இல்லாமல் ஒரு சுற்று முழுக்க ஓடி முடித்தது.

“சேர்! சீடி தங்கம் மாதிரி இரிக்கி! அந்த நாளையில அந்த ஆள்ற கொம்பியூட்டர்தான் பழுதா இரிந்திரிக்கும். நாளைக்கு நெஞ்ச நிமித்திக்குப் போங்க. உங்கள்ள பழி போட்ட ஆள் மன்னிப்புக் கேக்கட்டும்!”

சேரின் முகத்தில் ஈயாடவில்லை. இந்த முறை பிளேன்டீயும் வரவில்லை. சீடியை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார், வாசலை ஒருமுறை எட்டிப் பார்த்தார், பிறகு குரலைத் தாழ்த்தினார்.

“பழி போட்ட ஆள் நான்தான் தம்பி. ஆணி ஒண்டு இரிக்கா?”