அப்பாவின் வழக்கு

தண்ணீர் கேட்டுச் சாலையில் உட்கார்ந்ததற்காக அப்பா மேல் போட்ட வழக்கு, அவர் செத்ததும் சட்டப்படி வாரிசான மங்கையர்க்கரசியின் பேருக்கு மாறியிருந்தது. அதை ரத்து செய்யச் சொல்லி உயர்நீதிமன்றத்தில் மனுப் போட, அவள் எட்டு மாத வயிற்றோடு மதுரைக்கு வந்திருந்தாள்.

“பிள்ளை பொறக்கறதுக்குள்ள முடிஞ்சிருமா சார்?”

வக்கீல் இருளப்பன் கணினித் திரையைப் பார்த்தார். “இருபத்தாறு வருசம் கழிச்சுத்தான் விசாரணை. தேதி சீக்கிரமே கெடைச்சிருக்கும்மா உங்களுக்கு.”

“அதுவரைக்கும் நான் உசுரோட இருக்கணுமே.”

“அதுக்குத்தான் அடுத்த வாரிசு பேரு கேக்குறாங்க. அது இல்லாட்டி மனுவையே வாங்க மாட்டாங்க.”

“பொறக்காத பிள்ளைக்குப் பேரு சொல்லக் கூடாதும்பாங்களே சார்.”

“வீட்டுல சொல்லாதீங்க. இங்க சொல்லுங்க.”

அவளும் புருஷனும் தங்களுக்குள் மட்டும் கிசுகிசுத்து வைத்திருந்த பேர் அது. மாமியாருக்குக்கூடத் தெரியாது.

“நிறைமதி,” என்றாள்.

குற்றம் சாட்டப்பட்டவர்கள் பட்டியலில், அவள் பேருக்குக் கீழே வக்கீல் அதை எழுதினார்.

“நல்ல பேரும்மா,” என்றார். “இதுக்கு ஜாமீன் யாரு நிப்பாங்க?”