மந்திரிக்குத் தைத்த தொப்பி

எசென்குல் கதவைத் திறந்ததும், வாசலில் நின்ற சாய்ரா வெள்ளைக் கம்பளித் தொப்பியை மரியாதையாக அவன் தலையில் வைத்தாள்.

"மந்திரி ஐயா, ரெண்டு வருஷமா எங்க ஊருக்குத் தண்ணி இல்ல" என்று மனுவை நீட்டினாள்.

"அக்கா, நான் வெறும் நடிகன்! பத்து வருஷமா ஊழல் மந்திரியா நடிக்கிறேன். செய்திப்படம் மாதிரியே எடுக்கறதால நிஜம்னு நம்பிட்டீங்க. எல்லாம் கேலி."

"தெரியும் தம்பி. ஊரே விழுந்து விழுந்து சிரிச்சுது."

"பின்ன, என்கிட்ட ஏன் மனு?"

"தொப்பி நிஜ மந்திரிக்குத் தெச்சதுதான். ஒம்பது தடவ தலைநகர் பிஷ்கேக் வந்து அவர் வாசல்ல நின்னேன். கதவே தெறக்கல."

எசென்குல் பேனாவை எடுத்து, படத்தில் செய்வதுபோலவே மனுவில் 'ஆவன செய்யப்படும்' என்று எழுதிக் கையெழுத்திட்டான்.

சாய்ரா தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

"போதும் தம்பி. ஊர்ல காட்ட ஒரு கையெழுத்தாவது கெடச்சுதே."