மனு போடாத ஆறு

திருட்டு மணல் ஏற்றிப் பிடிபட்ட லாரி ஒன்று, அந்த மணலோடு போலீஸ் ஸ்டேஷன் வாசலில் ஐந்து மாதமாக வெயிலில் காய்ந்தது. ஒருநாள், லாரியை விடச் சொல்லி கோர்ட் உத்தரவு வந்தது. மணலை அங்கேயே மூலையில் கொட்டினார்கள்.

"என்னை எப்ப விடுவாங்க?" என்று கேட்டது மணல்.

"உரிமையாளர் மனு போடணும். என் முதலாளி ஆர்.சி. புக்கைக் காட்டி, 'இனிமே மணல் ஏத்த மாட்டேன்'னு எழுதிக் கொடுத்தாரு. உனக்கு யாரு?"

"ஆறு."

"அதுகிட்ட ஆர்.சி. புக் இருக்கா?" என்று சிரித்தபடி லாரி கிளம்பியது.

மணல்மேல் புல் முளைத்தது. இரண்டே மாதத்தில் அதே லாரி மறுபடி பிடிபட்டு வந்தது, ஈரம் சொட்டும் புது மணலோடு.

பழைய மணல் புது மணலிடம் மெதுவாகக் கேட்டது: "ஆத்துல இன்னும் யாராவது மிச்சம் இருக்காங்களா?"