அன்னாவுக்கும் எலிசபெத்துக்கும் நடுவில்

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு பொம்மைக் கம்பெனியில் ஹெலன் செக்கிங் பார்ப்பவள். ஒன்றுக்குள் ஒன்றாக அடங்கும் மரப்பொம்மைகள். ரஷ்யாவை ஆண்டவர்கள் வரிசைப்படி வருவார்கள். அன்னா ராணியைத் திறந்தால் எலிசபெத் ராணி இருக்க வேண்டும்.

அன்று காலை அன்னாவுக்குள் கிரீடம் வைத்த கைக்குழந்தை இருந்தது. அதைத் திறந்த பிறகுதான் எலிசபெத் கிடைத்தாள்.

“இத யாருண்ணா செஞ்சது?” என்று சூப்பர்வைசர் வரதனிடம் கேட்டாள்.

“நம்மகிட்ட இந்த சைஸே கெடையாதேம்மா.” வரதன் போனில் தேடினான். “நடுவுல ஒரு கைக்கொழந்தைய ராஜாவாக்குனாங்களாம். எலிசபெத்து வந்து புடிச்சி அடைச்சிச்சாம். சாவுற வரைக்கும் வெளிய வுடல. பேரையும் அழிச்சிட்டாங்களாம். ஆர்டர்ல இல்ல, தூக்கிப் போடு. மத்தியானம் லோடு ஏத்தணும்.”

அடுத்த பெட்டியிலும் அந்தக் குழந்தை ராஜா இருந்தான், நடக்கிற வயதில். அதற்கடுத்ததில் பள்ளிக்கூடப் பையன். பிறகு மீசை அரும்பியவன். கடைசிப் பெட்டியில் தாடி வைத்த வாலிபன். ஹெலன் எல்லோரையும் தன் பக்கம் பார்த்தபடி மேசையில் நிறுத்தினாள். திரும்ப உள்ளே வைத்து மூட மனம் வரவில்லை. குப்பையில் போடவும் கை வரவில்லை.

“இன்னா பாத்துக்கினு நிக்கிற? லாரி வந்துட்ச்சி!” வரதன் ஷட்டரைத் தூக்கினான். வெயில் உள்ளே விழுந்தது.

ஹெலன் மேசையைப் பார்த்தாள். அத்தனை பேரும் வாசல் பக்கம் திரும்பியிருந்தார்கள்.